அக்கா பேரில் இருந்தவள்

மார்ச் 4, திங்கள்

இன்றைக்கு மானம் போயிற்று. பதிவு அலுவலகத்தில் என் பேரைச் சொல்லிக் கூப்பிட்டார்கள். நான் பக்கத்து நாற்காலியில் இருந்தவளை முழங்கையால் இடித்து, "எழுந்திரும்மா, உன்னைத்தான். இங்க வந்து தூங்கினா யார் போவா?" என்றேன். அவள் திருதிருவென்று முழித்தாள். மறுபடி கூப்பிட்டார்கள். "காது கேக்காது போல, பாவம்" என்று பின்னால் இருந்தவர்களிடம் வேறு சொன்னேன். அடுத்த தடவை கத்தியபோதுதான் உறைத்தது. அது நான். போன மாதத்திலிருந்து சட்டப்படி அது நான்தான். கோர்ட்டுக் காகிதம் என் மடியிலேயே இருக்கிறது.

கவுண்டரில் தடிக் கண்ணாடி போட்ட எழுத்தர். "ஏம்மா, உங்க பேருக்கு நீங்களே வரமாட்டீங்களா?"

"புதுச் செருப்பு சார். கடிக்குது."

சிரிக்கவில்லை. சிரித்தால் சம்பளத்தில் பிடிப்பார்கள் போல.

கோர்ட்டுக் காகிதம் மட்டும் போதாதாம். குடும்பப் பதிவில் நான் அம்மா பேருக்குக் கீழே இருக்கிறேன். அம்மா நேரில் வந்து சம்மதம் சொல்லி விரல் வைத்தால்தான் அடையாள அட்டை, வாக்காளர் பட்டியல் எல்லாம் மாறும். "அம்மா இருக்காங்கல்ல? கூட்டிட்டு வாங்க. சுலபம்" என்றார்.

சுலபமாம்.

இந்த டைரி நான் வேலை பார்க்கிற சலவைக்கூடத்தின் மேலாளர் கொடுத்தது. புதுக் கையெழுத்து எப்பவும் ஒரே மாதிரி விழ வேண்டும், தினமும் போட்டுப் பழகு என்று வக்கீலம்மா சொன்னார். மேலே கையெழுத்துப் போடுகிறேன். கீழே இடம் வீணாகப் போகிறதே என்று இதை எழுதுகிறேன். இன்றைய கையெழுத்து, மழையில் மண்புழு போன மாதிரி இருக்கிறது.

மார்ச் 5, செவ்வாய்

எனக்கு முன்னால் ஒருத்தி பிறந்தாள். நடக்கப் பழகி, இரண்டு வார்த்தை பேசப் பழகி, ஒரு காய்ச்சலில் போய்விட்டாள். அதற்கப்புறம் நான். எனக்குப் பிறப்புச் சான்று யாரும் எடுக்கவில்லை. பள்ளியில் சேர்க்கப் போன அன்று கேட்டார்கள். பெட்டியில் அக்காவுடையது இருந்தது. அப்பா அதை நீட்டிவிட்டார். அவள் போனதை எந்த அலுவலகத்திலும் யாரும் எழுதிவைக்கவில்லை. அதனால் காகிதத்தில் அவள் சாகவே இல்லை. நான் பிறக்கவே இல்லை.

பள்ளிக்கூடம், கல்யாணம், வேலை எல்லாம் அவள் பேரில். அவள் வயதில். அப்பா மட்டும் எனக்கென்று ஒரு பேர் வைத்திருந்தார், அதைத்தான் கூப்பிடுவார். அவர் போனதோடு அந்தப் பேரும் வாயடைத்துப் போயிற்று. கோர்ட்டில் நான் கேட்டு வாங்கியது அதைத்தான். கட்டிக்கொண்டவர் இருந்தவரைக்கும் "இந்தா". சலவைக்கூடத்தில் எல்லாருக்கும் நான் "லொள்ளு". அம்மாவுக்குச் சின்னவள். அக்கா பேரைச் சொல்லி அம்மா என்னை ஒரு நாள்கூடக் கூப்பிட்டதில்லை.

இத்தனை வருடம் இல்லாமல் இப்போது என்ன வந்தது என்று வக்கீலம்மா கேட்டார். பழசு அலுத்துப் போச்சு என்றேன். உண்மை அது இல்லை.

எங்கள் சலவைக்கூடத்தில் கிழிந்த விரிப்பு தைக்கிற அக்கா ஒருத்தி இருந்தாள். ஊசியக்கா என்போம். போன வருடக் கடைசியில் இறந்துவிட்டாள். அலுவலகத்தில் இருந்து அறிவிப்பு ஒட்டினார்கள், ஏதோ நீளமான பேர் போட்டு. "யாரது?" "தெரியலையே, ரெண்டாவது மாடியோ?" என்று அதற்கு முன்னால் நின்றே பேசிக்கொண்டோம். பேசிவிட்டு, ஊசியக்கா ஏன் இன்னும் வரவில்லை என்று தேடினோம்.

அன்றைக்கு ராத்திரி நினைத்தேன். நான் போனால் அந்தப் பலகையில் அக்கா பேர்தான் ஒட்டுவார்கள். அவள் ரெண்டாந்தடவை சாவாள். நான்? இருந்தால்தானே சாவதற்கு.

மார்ச் 9, சனி

அம்மாவிடம் சொல்லிவிட்டேன். சாப்பிட்டு முடித்தபிறகு சொல்லியிருக்கலாம். புத்தி எனக்கு எப்போதும் பின் பஸ்ஸில்தான் வரும்.

தட்டைத் தள்ளி வைத்தாள். "அவ பேரை எடுத்துட்டு நீ என்னடி பண்ணப்போற?"

"நான் எடுக்கலம்மா. திருப்பிக் குடுக்கிறேன்."

"யார்கிட்ட? வாங்கிக்க யார் இருக்கா?"

தட்டை எடுத்துக் கழுவப் போனேன்.

அக்காவுக்கு ஒரு படம் கிடையாது. புதைத்த இடத்தில் இப்போது பஸ் நிறுத்திக் கழுவுகிறார்கள். அவள் போட்ட சட்டையெல்லாம் நான் போட்டுக் கிழித்துவிட்டேன். மிச்சம் அந்தப் பேர் மட்டும்தான். அம்மாவுக்கு எழுதப் படிக்கத் தெரியாது, ஆனால் அந்த ஒரு பேர் மட்டும் எங்கே இருந்தாலும் கண்டுபிடித்துவிடுவாள். தேர்தலுக்குத் தேர்தல் பட்டியல் ஒட்டினால் முதல் ஆளாகப் போவாள். விரல் வைத்து அந்தப் பேரைத் தேடி, பக்கத்தில் இருக்கிறவனிடம் "வயசு என்ன போட்டிருக்குப்பா?" என்று கேட்பாள். என்மேல் அக்கறை என்று நான் இத்தனை நாள் நினைத்திருந்தேன். அவள் பெரிய மகள் வளர்வதைப் போய்ப் பார்த்துவிட்டு வந்திருக்கிறாள்.

இன்னொன்று. "செத்துப்போனாள்" என்கிற வார்த்தை அம்மா வாயில் வந்ததே இல்லை. "அவ தூங்கினப்ப" என்றுதான் சொல்வாள்.

மார்ச் 10, ஞாயிறு

அம்மா பேசவில்லை.

மார்ச் 13, புதன்

இன்னும் பேசவில்லை. சாப்பாடு மட்டும் வருகிறது. உப்பில்லை. "அம்மா, உப்பும் உன்கூடச் சேர்ந்து கோவிச்சுக்கிச்சா?" என்றேன். உப்பு ஜாடியைக் கொண்டுவந்து டொக்கென்று வைத்தாள். அதைப் பேச்சுக் கணக்கில் சேர்த்துக்கொள்ளலாமா?

மார்ச் 18, திங்கள்

என் பங்கு வேலையையாவது முடிப்போம் என்று ரேகை கொடுக்கப் போனேன். இயந்திரம் என் விரலை எடுக்கவில்லை. பெருவிரல், ஆள்காட்டி, எல்லாம் பார்த்தாயிற்று. கண்ணாடி எழுத்தர் என் கையைத் திருப்பித் திருப்பிப் பார்த்தார்.

"என்ன வேலைம்மா?"

"ஆஸ்பத்திரி விரிப்பு வெளுக்கிறது. ப்ளீச் தண்ணி."

"ரேகையே இல்லையே."

"அதையும் வெளுத்துட்டேன் சார்."

கொஞ்ச நாள் அந்தத் தண்ணியில் கை வைக்காமல் இருந்தால் திரும்ப முளைக்குமாம். கூட வேலை பார்க்கிறவள் ஒருத்தி, நடையைப் பார்த்து நான்தான் வாத்து என்று பேர் வைத்தேன், தொட்டி வேலையை அவள் எடுத்துக்கொண்டாள். நான் காய்ந்த விரிப்பு மடிக்கிறேன். "எனக்குப் பேர் வெச்ச பாவத்துக்குத்தான் உன் பேர் உனக்கு வரமாட்டேங்குது" என்றாள். சிரித்தேன். வீட்டுக்கு வரும் வழியெல்லாம் அது உள்ளே குத்திக்கொண்டே வந்தது.

பேரும் இல்லை, ரேகையும் இல்லை. நான் யாரையாவது கொலை செய்தால்கூடப் பிடிக்க முடியாது.

மார்ச் 22, வெள்ளி

கத்திட்டேன். அம்மாகிட்ட. இந்த வயசுல இருக்கிறவகிட்ட.

பேர் மாத்தினா அவ நிஜமாவே போயிடுவாடி, உனக்கு என்ன, நீதான் இருக்கியேன்னா அம்மா. அவ்வளவுதான், எனக்கு எங்கிருந்து வந்துச்சோ —

"எங்க இருக்கேன்? எங்கம்மா இருக்கேன்? ஒரு இடம் காட்டு! நான் செத்தா யார் பேரைச் சொல்லி அழுவ நீ?"

அம்மா அப்படியே பார்த்தா. சுவத்தைப் பிடிச்சுக்கிட்டே போய்ப் படுத்துட்டா. போர்வை மட்டும் ஏறி ஏறி இறங்குது. அழறாளா மூச்சா தெரியல. போய்ப் பார்க்கவும் தைரியம் இல்ல.

ஏன் கேட்டேன்? ஜெயிச்சு என்ன பண்ணப்போறேன்? அவளுக்கு இருக்கிற ஒண்ணையும் புடுங்கிட்டு —

கையெழுத்துப் போடல இன்னைக்கு.

ஏப்ரல் 2, செவ்வாய்

காலையில் எழுந்தால் அம்மா தலைசீவி, நல்ல புடவை கட்டி, கதவோரம் உட்கார்ந்திருக்கிறாள். மடியில் துணிப்பை.

"எங்கம்மா?"

"நீதான் எங்கயோ கூட்டிட்டுப் போகணும்னியே."

நான் மேலே கேட்கவில்லை. கேட்டால் மனசு மாறிவிடுமோ என்று பயம். பஸ்ஸில் அவள் கையைப் பிடித்துக்கொண்டே போனேன். எலும்புதான் இருக்கிறது அந்தக் கையில்.

கண்ணாடி எழுத்தர் அம்மாவுக்கு நாற்காலி போட்டார். "பாட்டி, இவங்க பேரை மாத்த உங்களுக்குச் சம்மதமா?"

அம்மா அவரையே பார்த்தாள். "பழைய பேரு எங்கப்பா போகும்?"

"எங்கயும் போகாது. பதிவுல முன்னாள் பெயர்னு ஓரமா இருக்கும்."

"அழிக்க மாட்டீங்களே?"

"அழிக்க முடியாது பாட்டி. நான் நெனச்சாக்கூட முடியாது."

"காட்டு."

அந்த மனுஷன் திரையைத் திருப்பினார். எழுத்தைப் பெரிதாக்கினார். அம்மா எழுந்து போய் விரலால் தொட்டு அந்தப் பேரைத் தேடினாள். கண்டுபிடித்துவிட்டாள். அங்கேயே கொஞ்ச நேரம் விரலை வைத்திருந்தாள். பின்னால் வரிசையில் ஒருவன் உச்சுக்கொட்டினான். எழுத்தர் அவனைப் பார்த்த பார்வையில் அடங்கிவிட்டான்.

பிறகு அம்மா விரல் வைத்தாள். முதல் தடவையே எடுத்துக்கொண்டது. என் விரலும், அரைகுறையாக முளைத்திருந்த ரேகையோடு, எடுத்தது.

பழைய அட்டையின் மூலையைக் கத்தரித்துத் திருப்பிக் கொடுத்தார்கள். புது அட்டை தபாலில் வருமாம். உறையின் மேல் புதுப் பேரும், கீழே முன்னாள் பேரும் இருக்கும். தபால்காரரிடம் பழைய அட்டையைக் காட்டினால் சரிபார்த்துக் கொடுப்பாராம். நான் கை நீட்டுவதற்குள் அம்மா அந்த அட்டையை வாங்கித் துணிப்பைக்குள் போட்டுக்கொண்டாள். அதில் இருப்பது என் மூஞ்சி. அவளுக்கு அது கண்ணில் படவே இல்லை.

திரும்பி வரும்போது பஸ் நிறுத்திக் கழுவுகிற அந்த இடத்தைத் தாண்டினோம். அம்மா சன்னலுக்கு வெளியே பார்த்தபடி சொன்னாள்: "ஸ்பூனை விடவே மாட்டா. கடிச்சுக்கிட்டே தூங்குவா. வாயிலிருந்து மெதுவா உருவணும்."

அக்காவைப் பற்றி அம்மா எனக்குச் சொன்ன முதல் விஷயம் இது.

ஏப்ரல் 15, திங்கள்

தொட்டி வேலைக்குத் திரும்பிவிட்டேன். ரேகை மறுபடி போகட்டும், வேலை முடிந்துவிட்டதே.

அப்பா வைத்த பேரைச் சொல்லி ஒரு தடவை கூப்பிடேன் என்று அம்மாவிடம் கேட்டேன். "வேற யாரையோ கூப்பிடற மாதிரி இருக்குடி." சரி விடு என்றேன். இத்தனை வருடம் கூப்பிடாதது.

தூங்கும்போது அட்டையைத் தலையணைக்கு அடியில் வைத்துக்கொள்கிறாள்.

ஏப்ரல் 22, திங்கள்

தபால் இல்லை. கையெழுத்து இப்போது பரவாயில்லை. மண்புழு கொஞ்சம் நிமிர்ந்திருக்கிறது.

ஏப்ரல் 29, திங்கள்

வேலை முடிந்து வந்தேன். அம்மா விளக்குப் போடாமல் உட்கார்ந்திருந்தாள். அழுது முடித்த முகம்.

தபால்காரர் வந்தாராம். உறையைப் பார்த்து, இந்தப் பேரில் யார் என்று கேட்டாராம். என் சின்ன மக என்றாளாம். பழைய அட்டை இருக்கா என்றாராம். தலையணைக்கு அடியிலிருந்து எடுத்து நீட்டினாளாம். அவர் படத்தைப் பார்த்து, பேரைப் பார்த்து, உறையின் கீழே இருந்த பேரோடு ஒப்பிட்டு, "இவங்கதானா பாட்டி?" என்று அட்டையைக் காட்டிக் கேட்டாராம்.

அம்மா சொன்னதை அப்படியே எழுதுகிறேன்: "இல்லப்பா, இது பெரியவ"ன்னேன். "அவங்க எங்க?"ன்னான்.

அம்மா முந்தானையால் மூக்கைத் துடைத்தாள்.

"செத்துப்போயிட்டான்னு சொல்லிட்டேன்டி."

தரையிலேயே பக்கத்தில் உட்கார்ந்துகொண்டேன். தலையை என் தோளில் சாய்த்தாள். ஒரு குழந்தை கனம்கூட இல்லை. இந்த வார்த்தையை எத்தனை வருடம் வாயில் கடித்துக்கொண்டே இருந்தாளோ. யாரோ ஒரு தபால்காரன் வந்து உருவ வேண்டியிருக்கிறது.

நல்ல பிள்ளையாம். தொப்பியைக் கழற்றிக் கையில் வைத்துக்கொண்டு கொஞ்ச நேரம் நின்றானாம். மனசைத் தேத்திக்கோங்க பாட்டி என்றானாம்.

அப்புறம் அம்மா எழுந்து முகம் கழுவினாள். சோறு போட்டு வைத்துவிட்டு, என்னைக் கூப்பிட்டாள். அப்பா வைத்த பேரைச் சொல்லி. சத்தமாக, அடுத்த வீட்டுக்குக் கேட்கிற மாதிரி. இந்தத் தடவை நான் யாரையும் இடிக்கவில்லை. எழுந்து போனேன். உப்பு சரியாக இருந்தது.

சாப்பிட்டு முடித்தபிறகு, உறை எங்கம்மா என்று கேட்டேன். அதை அவனே எடுத்துட்டுப் போயிட்டான், சீட்டு ஒன்று கதவில் ஒட்டியிருக்கான் என்றாள்.

போய்ப் பார்த்தேன். கையெழுத்து அழகாக இருக்கிறது. என் புதுப் பேரை ஒரு பிழை இல்லாமல் எழுதியிருக்கிறார். அதற்குக் கீழே: "பெறுநர் காலமானார். அலுவலகத்துக்கே திருப்பி அனுப்பப்பட்டது."

நாளைக்கு லீவு சொல்ல வேண்டும்.