இரண்டு மனுவும் நான்தான் எழுதினேன்

மே 12, திங்கள்

மாவு ஆட்டிக்கொண்டிருந்தேன். மாமனார் வெள்ளைத் தாளோடு வந்து நின்றார். "ஆத்தா, ஒரு மனு எழுதணும். நம்ம எழுத்து கோழி கிண்டுன மாதிரி இருக்கும். நீ எழுது."

யாருக்கு எதிராக? என் அப்பாவுக்கு எதிராக!

போடிமெட்டுக்குக் கீழே சரிவில் மாமாவின் ஏலத்தோட்டம். அதற்கு மேலே அப்பாவுடையது. இந்த வருஷமாவது விறகை விட்டுவிட்டுக் கரண்டில் காய் உலர்த்த வேண்டும் என்று அப்பா லைன் கேட்டிருக்கிறார். கம்பி மாமா தோட்டத்தைத் தாண்டித்தான் போக வேண்டும். நிழலுக்கு நிற்கும் ஆறு பலாமரம் வெட்டுப்படும். நிழல் போனால் ஏலம் கருகிவிடும்.

"சம்பந்தின்னா ஒரு வார்த்த கேக்காம நம்ம தலைக்கு மேல கம்பி இழுக்கலாமா?" என்றார் மாமா. பலாவை விட இதுதான் அவருக்குப் பெரிய கோபம். எழுதிக் கொடுத்தேன். 'ஆட்சேபணை' என்பதற்கு அடிக்கோடு வேறு. என் கொழுப்பு.

மே 20

அப்பா போன் எடுக்கவில்லை.

மே 21

இன்றும் எடுக்கவில்லை. அம்மாதான் பேசினாள். கரண்டு ஆபீசில் மனுவைக் காட்டினார்களாம். முதல் வரியிலேயே அப்பாவுக்குத் தெரிந்துவிட்டது. "உன் எழுத்து அவருக்குத் தெரியாதாடி? பள்ளிக்கூடத்துல இருந்து அவரு மனு பூராம் நீதான எழுதுன?"

இது ஏன் எனக்குத் தோணல? நாலு வருஷம் மாவாட்டுனதுல மூளையையும் சேத்து ஆட்டிட்டேனா?

அழுதேன். ஜெகதீஷ் சமாதானம் சொல்கிறாராம்: "நல்லவேளை, என்னைய எழுதச் சொல்லல." புருஷன்!

ஜூன் 3

அப்பாவே கூப்பிட்டார். விசாரணைக்குப் பதில் மனு கொடுக்க வேண்டுமாம். "அந்தப் பக்கம் எழுதுனவளுக்கு இந்தப் பக்கம் எழுதத் தெரியாதா?"

போடி பஸ் ஸ்டாண்டு டீக்கடை பெஞ்சில் வைத்து எழுதினேன். அப்பா சொல்லச் சொல்ல ஒரே சூடு. கடைசியில் அவர் சொல்லாத இரண்டு வரியை நானாகச் சேர்த்தேன். நான் எழுதினால் படித்துப் பார்க்காமல்தான் கையெழுத்துப் போடுவார். இன்றும் அப்படியே போட்டார். 

ஜூன் 11

விசாரணை. மாமாவோடு நானும் போனேன். கரண்டு ஆபீஸ் இன்ஜினியர் சுஜிதா மேடம் இரண்டு மனுவையும் பக்கத்தில் பக்கத்தில் வைத்தார். "ரெண்டும் ஒரே ஆள் எழுதுன மாதிரி இருக்கே?"

மாமா என்னைப் பார்த்தார். அப்பா ஃபேனைப் பார்த்தார்.

மேடம் அப்பாவின் மனுவைச் சத்தமாக வாசித்தார். கடைசியில் என் இரண்டு வரி: 'சம்பந்தியிடம் முதலில் நேரில் போய்க் கேட்காதது என் தவறு. அவர் காட்டும் வழியில் கம்பி போனாலும் எனக்குச் சம்மதம்.'

அப்பா வாயைத் திறந்தார். தொலைந்தேன் என்று நினைத்தேன். மூடிக்கொண்டார்.

மாமா தாடையைச் சொறிந்தார். "கிழக்கால ஓடைய ஒட்டிக் கொண்டுபோங்க. ரெண்டு போஸ்டு கூட ஆகும். பலா பொழைச்சுக்கிரும்."

கிளம்பும்போது அப்பா பக்கத்தில் வந்தார். "அத நானா சொன்னேன்?"

"இல்லப்பா."

"ம்."

ஜூலை 9

போஸ்டு நட்டாச்சு. பலா ஆறும் நிற்கிறது. அப்பா இன்னும் மாமாவிடம் நேரில் பேசவில்லை. என்னிடமும் 'ம்' தான்.

ஆகஸ்ட் 24

மலையிலிருந்து வந்த ஜீப்பில் அப்பா ஒரு பை கொடுத்துவிட்டிருந்தார். கரண்டில் காய்ந்த முதல் காய், பச்சை மாறாமல். உள்ளே ஒரு தாள். வரிகள் போடிமெட்டு வளைவு மாதிரி ஏறி இறங்கின.

'சம்பந்திக்கு. முதல் காய் உங்களுக்கு. கேட்காதது தப்புதான். இதை வித்யா எழுதவில்லை. நானே எழுதியது.'

மாமா மூன்று தடவை படித்தார். பதில் எழுத நான் வழக்கம்போலத் தாளும் பேனாவுமாக உட்கார்ந்தேன்.

"அத இங்க கொண்டா," என்று பிடுங்கிக்கொண்டார். "இதுக்கு நாந்தேன் எழுதணும்."

இன்னும் எழுதிக்கொண்டிருக்கிறார். எட்டிப் பார்த்தால் கையால் மறைக்கிறார்.