நீங்கள் உயிரோடிருந்தபோது எடுத்த துக்க விடுப்பு

அப்பா,

இன்று காலை ஆலை ஆபீசில் புதிதாகச் சேர்ந்திருக்கும் பெண் என்னைக் கூப்பிட்டு அனுப்பினாள். உங்கள் அடக்கத்துக்காக நான் எடுத்த நாட்களுக்கு எழுதிக் கொடுத்திருந்த விடுப்புப் படிவம் அவள் கையில் இருந்தது. "தப்பா நெனைச்சுக்காதீங்க சார். உங்கப்பா ஆறு வருசம் முன்னாடியே இறந்துட்டதா இங்க இருக்குதுங்களே" என்றாள். கோப்பைத் திறந்து பழைய படிவத்தையும் காட்டினாள். மங்கிய நீல மசியில் என் கையெழுத்து. காரணம் என்ற இடத்தில் 'தந்தையார் காலமானதால்' என்று அன்றும் அழகாகத்தான் எழுதியிருக்கிறேன்.

முதலில் எனக்குச் சிரிப்புதான் வந்தது. வெளியே வந்து மரத்தடியில் நின்றபோது ஆத்திரம் வந்தது. உங்கள் முப்பதாம் நாள் பூசைக்கு இன்னும் ஒரு வாரம் இருக்கிறது. அதற்குள் இப்படி ஒரு மடல் எழுதுகிறேனே என்று யாராவது கேட்டால் கேட்கட்டும். செத்தவர்களைப் பற்றி நல்லதாக நாலு வார்த்தை சொல்வதற்கு உறவு ஜனம் நிறைய இருக்கிறது, அடக்கத்தன்று எல்லாரும் சொல்லியும் விட்டார்கள்.

மாம்பழக் கூழ் ஆலையில் சீசன் என்றால் என்ன என்று உங்களுக்குத் தெரியும். பெங்களூரா மாங்காய் லாரி லாரியாக வந்து வாசலில் நிற்கும். அந்த இரண்டு மாதமும் யாருக்கும் விடுப்பு கிடையாது. சொந்தக் கல்யாணம் என்றால் இரண்டு நாள், பெற்றவர்கள் செத்தால் பத்து நாள். பிள்ளை பிறந்தால் தாய்க்குச் சட்டம் இருக்கிறது. அப்பனுக்கு ஒன்றுமே இல்லை. மொரப்பூர் ரயில்வே ஸ்டேஷனில் மத்திய அரசு வேலையில் இருக்கும் என் சிநேகிதன் பதினைந்து நாள் எடுத்துக்கொண்டு மகளைக் குளிப்பாட்டக் கற்றுக்கொண்டான். அவன் பிள்ளையும் பிள்ளைதான், என் பிள்ளையும் பிள்ளைதான். அவன் அரசாங்கத்தின் கண்ணுக்குத் தெரிந்த அப்பன், நான் மாங்கூழ் அப்பன்.

ஆறு வருசத்துக்கு முன் ஒரு சீசனில் என் மனைவி ஜெசிந்தாவுக்கு எட்டாம் மாதத்திலேயே வலி வந்துவிட்டது. அறுவை செய்துதான் எடுத்தார்கள். ஒன்றரைக் கிலோகூட இல்லை அவன். அவளுக்கோ காய்ச்சல் இறங்கவில்லை. அவளுக்குத் தாயும் இல்லை, பெங்களூரில் இருக்கும் தங்கை வேலையை விட்டு வந்து சேர மூன்று நாள் ஆகும். நம் அம்மாவும் அப்போது கண் ஆபரேஷன் முடிந்து படுத்திருந்தாள். ஆஸ்பத்திரி நர்ஸம்மா என்னைப் பார்த்து, "புள்ளையோட அம்மாவால முடியாதுங்க. சூடு குடுக்கணும். நீங்க சட்டையைக் கழட்டிட்டு உக்காருங்க, நெஞ்சுல போட்டு விடறேன்" என்றார். எனக்கு வெட்கமாக இருந்தது. பிறகு அந்தச் சின்ன உடம்பு என் மேல் மூச்சு விட்டது. அதற்கப்புறம் எந்த வெட்கமும் இல்லை.

ஆனால் விடுப்பு? மேனேஜரிடம் பிரசவம் என்று சொன்னால் என்ன பதில் வரும் என்று தெரியும். அதனால் உங்களைக் கொன்றேன். போனில்தான் சொன்னேன், படிவத்தைப் போகிற வழியில் கொடுத்துவிட்டு ஓடினேன். அவரும் லேசுப்பட்டவர் இல்லை. "உங்க கிறிஸ்தவ வேதத்துலதான் கருமாதி எல்லாம் இல்லையே. மறுநாளே கல்லறையில வெச்சுடுவீங்க. அஞ்சு நாள் போதும்" என்று பாதியாக வெட்டினார். உங்கள் சாவிலும் பேரம். சரி என்றேன்.

அங்கேதான் ஒன்றை மறந்தேன். இந்தச் சீமையில் ஒருவன் வீட்டில் சாவு விழுந்தால் கூட வேலை பார்க்கிறவர்கள் மாலையோடு வந்து நிற்பார்கள். சீசனாவது ஒன்றாவது, மழையாவது வெயிலாவது, துக்கம் விசாரிக்காமல் விடமாட்டார்கள். பத்து வீட்டுக்கு நானே அப்படிப் போயிருக்கிறேன். என் பொய்க்கும் அப்படி வருவார்கள் என்று மட்டும் புத்தியில் உறைக்கவில்லை.

மூன்றாம் நாள் ஆலை வேனில் பன்னிரண்டு பேர் வந்து இறங்கினார்கள். முன்னால் மேனேஜர், கையில் ரோஜா மாலை. நீங்கள் பனியனோடு வாசலில் நிலக்கடலை உரித்துக்கொண்டிருந்தீர்களாம். பின்னால் நின்ற பாய்லர் முனியப்பன்தான் எனக்கு வரி விடாமல் சொன்னான்.

"யாருக்குங்க மாலை?"

"இந்த வூட்டுப் பெரியவருக்குங்க. நம்ம சூப்பர்வைசர் அப்பாருக்கு."

"நான்தாங்க அவன் அப்பன்."

அப்போதும் நேரம் இருந்தது அப்பா. நான் அவனுக்குப் பெரியப்பன், செத்தது என் தம்பி என்று ஒரு பொய் சொல்லியிருந்தால் போதும். மேனேஜர் மாலையை ஏதாவது ஒரு படத்துக்குப் போட்டுவிட்டு வேனில் ஏறியிருப்பார். நீங்கள் சொன்னது என்ன? "அவன் ஆஸ்பத்திரியில கெடக்கறானுங்க. பொம்பளையாட்டம் புள்ளையை நெஞ்சுல போட்டுக்கிட்டு உக்காந்திருக்கறான். கூப்பிட்டுக்கிட்டுப் போங்க."

அரை மணி நேரத்தில் மேனேஜரிடமிருந்து எனக்கு போன் வந்தது. "மாலையை உங்கப்பா கையிலயே குடுத்துட்டு வந்தோம்பா. பேப்பரை மாத்த முடியாது, முதலாளி என்னைத்தான் கேப்பாரு. அது அப்படியே இருக்கட்டும். ரெண்டாம் ஷிப்டுக்கு வர்றியா, இல்ல ஒரேயடியா அங்கயே இருந்துக்கறியா?"

ஜெசிந்தாவிடம் சொன்னேன். "போங்க" என்றாள். சுவர்ப் பக்கம் திரும்பிக்கொண்டாள். நர்ஸம்மாதான் பிள்ளையை என் மேலிருந்து எடுத்தார். அன்று மாலை கூழ் டிரம்களுக்கு நடுவில் நின்றேன், சட்டைக்குள் நெஞ்சு சில்லிட்டுப் போயிருந்தது. மறுநாள் வந்து சேர்ந்த தங்கைதான் அதற்குப் பிறகு அவனை நெஞ்சில் தாங்கினாள். அவன் பிழைத்தான். அதில் எனக்குப் பங்கில்லை.

வீட்டுக்கு வந்து உங்கள் முன் நின்று கத்தினேன். நீங்கள் கடலைத் தோலை முறத்தில் புடைத்துக்கொண்டே பேசினீர்கள். "புள்ள பொறந்ததுக்கு அப்பன் எதுக்குடா லீவு போடணும்? நீயா பெத்தே? நீ பொறந்தப்ப நான் லீவு போட்டனா?"

அந்தக் கதையை எத்தனை முறை சொல்லியிருப்பீர்கள்! தருமபுரியிலிருந்து ஏரியூர் போகும் தனியார் பஸ்ஸில் நீங்கள் டிரைவர். பென்னாகரம் ஆஸ்பத்திரியில் அம்மா வலி எடுத்துக் கிடக்கிறாள். பஸ் அந்த வாசலைத் தாண்டித்தான் போக வேண்டும். நீங்கள் ஹாரன்கூட அடிக்கவில்லை. பஸ் ஸ்டாண்டில் பத்து நிமிஷம் வண்டி நிற்கும், டீ குடித்தீர்கள், ஏரியூருக்கு எடுத்தீர்கள். "வண்டியில அறுவது உசுரு இருந்துச்சு" என்பீர்கள். முப்பத்தோரு வருசம் ஒரு நாள் விடுப்பு எடுக்காத டிரைவர் என்று பஸ் முதலாளி ஆயுத பூஜையன்று ஷெட்டில் வைத்து உங்களுக்குப் பொன்னாடை போர்த்தினார். வேதக்காரருக்கு விபூதித் தட்டுக்கு முன்னால் பொன்னாடை. அந்த போட்டோ இன்னும் நடுவீட்டில் தொங்குகிறது. அறுபது உசுரு பெரிது, அறுபத்தோராவது உசுரு நான்.

உங்களை நான் வெறுத்தேன். சுற்றி வளைக்காமல் சொல்கிறேன். ஆறு வருசம் ஒரே வீட்டில் சோறு தின்றுகொண்டு வெறுத்தேன். சாப்பாடு வேண்டுமா, மாத்திரை போட்டீர்களா என்பதற்கு மேல் ஒரு வார்த்தை உங்களிடம் பேசவில்லை. பேரனை நீங்கள் மடியில் வைத்துக்கொண்டால் எதையாவது சாக்குச் சொல்லித் தூக்கிக்கொண்டு போனேன்.

அடக்கம் முடிந்த அன்று சாயங்காலம் ஜனம் கலைந்த பிறகு அம்மா அந்த போட்டோவைத் துணியால் துடைத்தாள். "இதை எறிஞ்சுடும்மா" என்றேன். அவள் என்னை ஒரு பார்வை பார்த்தாள்.

"நீ பொறந்தப்ப லீவு கேட்டாருடா உங்கப்பன். ரெண்டு நாளு. முதலாளி முன்னாடி கை கட்டி நின்னாரு. வண்டி எடுக்கலைன்னா நாளையிலிருந்து வரவேணாம்னுட்டாங்க. ராத்திரி ஆஸ்பத்திரிக்கு வந்து உன்னைத் தொட எனக்கு யோக்கியதை இல்லைன்னு தேம்பித் தேம்பி அழுதாரு. பெரியவனானா இவங்கிட்ட சொல்லிப்புடாதேன்னாரு. நானும் சொல்லலை."

இதைக் கேட்டால் மனசு இளகும் என்று அம்மா நினைத்திருப்பாள். எனக்கு இன்னும் கொதித்தது. உங்களுக்குத் தெரியும். இந்த உலகத்தில் வேறு யாருக்குத் தெரியாவிட்டாலும் உங்களுக்குத் தெரியும், கேட்டுக் கிடைக்காமல் போவது எப்படி இருக்கும் என்று. கிடைக்காத விடுப்பைத்தான் எடுக்காத விடுப்பு என்று முப்பத்தோரு வருசம் பெருமை பேசியிருக்கிறீர்கள். அந்தப் பெருமையைக் காப்பாற்ற, அன்று வாசலில் என்னைக் காட்டிக் கொடுத்தீர்கள். உங்களால் முடியாததை நான் செய்துகொண்டிருந்தது உங்களுக்குப் பொறுக்கவில்லை. இல்லை என்று சொல்ல இப்போது நீங்களும் இல்லை.

ஜெசிந்தாவுக்கு மறுபடியும் இது எட்டாம் மாதம். ஆனியில் நாள் சொல்லியிருக்கிறார்கள், சீசன் நடுவில். இன்று அந்தப் பெண்ணிடம் இன்னொரு படிவம் வாங்கி 'மனைவிக்குப் பிரசவம், பதினைந்து நாள்' என்று எழுதி மேனேஜரிடம் நீட்டினேன். "இப்படி ஒரு லீவே இல்லையேப்பா" என்றார். "தெரியுங்க. நான் வரமாட்டேன்னு தெரிவிச்சுக்கறேன்" என்றேன். வேலை இருக்குமா என்று தெரியவில்லை.

வீட்டுக்கு வந்து பையனைக் கூப்பிட்டு உட்கார வைத்தேன். "நீ பொறந்தப்ப அப்பா மூணு நாள்தான்டா உன்கூட இருந்தேன். வேலை போயிடும்னு பயந்துக்கிட்டு உன்னை விட்டுட்டுப் போயிட்டேன்" என்று சொன்னேன். உங்கள் வாயிலிருந்து எனக்கு வராத வாக்கியம் அது.

அவன் கேட்டான்:

"அப்புறம் யாருப்பா என்னைத் தூக்கி வெச்சுக்கிட்டாங்க?"

"சித்தி" என்றேன். சரி என்று தலையாட்டிவிட்டு விளையாட ஓடிப்போனான். நான் இந்த மடலை எழுத உட்கார்ந்தேன்.