தேத்தண்ணியில் சீனி இல்லை

அம்பிட்டிய, கண்டி.
12.07.1993

அன்பு மகன் குகனேசனுக்கு அம்மா எழுதிக்கொள்வது. நாங்கள் சுகம் என்று தொடங்கித்தான் எனக்குப் பழக்கம், இம்முறை நீ சுகமாயிருக்கப் பிள்ளையார் துணை என்பதோடு நிறுத்திக்கொள்கிறேன். அப்பாவின் வலது காலில் வந்த புண் ஆறவில்லை. பேராதனை ஆஸ்பத்திரியில் காட்டினோம், ஓகஸ்ட் ஆறாம் திகதி வரை மருந்து கட்டிப் பார்ப்பார்களாம், ஆறாவிட்டால் பெருவிரலை எடுக்கவேணுமாம், அதோடு நிற்குமோ என்று கேட்டதற்கு டொக்டர் அடுத்த ஆளைக் கூப்பிட்டார். இதை அறிந்தால் நீ ஓடி வந்துவிடுவாய், வழியில் ஆமிக்காரர் சந்தேகத்தில் பிடித்து அடைத்துவிடுவார்கள் என்று அப்பாவுக்குப் பயம். உன்னை வரச்சொல்லி எழுதமாட்டேன் என்று கோயிலில் வைத்து என்னிடம் சத்தியம் வாங்கிவிட்டார்.

எல்லாம் அந்த வாயால் வந்தது. சீனி வருத்தம் என்று தெரிந்த அன்றே தேத்தண்ணிக்குச் சீனி போடவேண்டாம் என்று டொக்டர் சொன்னவர். இவரும் போடவில்லை. இந்த ஊர்ச் சனம் குடிக்கிற மாதிரி, கித்துள் கருப்பட்டித் துண்டைக் கையில் வைத்துக் கடித்துக் கடித்து வெறும் தேத்தண்ணி குடித்தார். கேட்டால், தேத்தண்ணிக்கைதானே போடவேண்டாம் எண்டவர், கையிலை வைச்சுக் கடிக்கக்கூடாது எண்டு சொன்னவரோ என்று என்னையே மடக்குவார்.

கச்சேரியில் வேலை செய்த காலம் முழுக்க அரசாங்கப் பென்சில் ஒன்றைக்கூட வீட்டுக்குக் கொண்டுவராத மனுசன், உனக்கு நினைவிருக்கும். சண்டையைச் சொல்லி அரசாங்கம் வடக்குக்குப் பற்றரி கொண்டுபோகத் தடை போட்ட பிறகுதான் மாறினார். யாழ்ப்பாணத்தில் உன் வடிவம்மா மாமி றேடியோவில் செய்தி கேட்க வழியில்லாமல் இருக்கிறாவே என்று, ஒரு விளையாட்டுக் காருக்குள் இரண்டு பற்றரியைப் போட்டு, போகிற ஆளிடம் கொடுத்துவிட்டார். தடை பற்றரிக்குத்தானே, காருக்கு இல்லையே என்றார். பிள்ளைகுட்டி இல்லாத மனுசிக்கு விளையாட்டுக் கார்! அது போய்ச் சேர்ந்தது என்று அறிந்த அன்று அவர் சிரித்த சிரிப்பை நீ பார்த்திருக்கவேணும், எண்பத்து மூன்று கலவரத்துக்குப் பிறகு அப்படிச் சிரித்ததே இல்லை, நானும் சேர்ந்துதான் சிரித்தேன். அநியாயச் சட்டத்தில் ஓட்டை தேடிப் பழகின மூளை பிறகு நல்லதுக்குச் சொன்னதையும் விடாது போலிருக்கு. டொக்டரும் அவருக்கு ஒரு செக்பொயின்ற் ஆகிவிட்டார். கடைசியில் யாரை ஏமாற்றினார், தன் காலைத்தான். எனக்கு இனிச் சண்டை பிடிக்கவும் தெம்பில்லை, களைத்துப்போனேன் மகன்.

சத்தியத்தை நான் மீறமாட்டேன். உனக்குக் கனடாப் பாஸ்போட் கிடைத்தது பெரிய ஆறுதல், பத்திரமாக வை. உன் அறையைக் கூட்டித் துடைத்து, மெத்தையை வெயிலில் காயவைத்திருக்கிறேன். கொழும்பிலிருந்து வருகிற காலை ரயில் இப்போது அவ்வளவாகப் பிந்துவதில்லை, பேராதனையில் இறங்கினால் ஆஸ்பத்திரி கிட்டத்தான். சும்மா ஊர்ப் புதினம் எழுதினேன். நேரத்துக்குச் சாப்பிடு, வெறும் வயிற்றில் கோப்பி குடியாதே. நீ எங்கே நின்றாலும் பிள்ளையார் உன்னோடு நிற்பார்.

உன்னையே நினைத்திருக்கும் அம்மா,
அ. சரோஜினிதேவி

பி.கு.: என் கடிதங்களை அப்பா வாசித்த பிறகுதான் ஒட்டுவது என்று உனக்குத் தெரியும்தானே. இதையும் வாங்கி இரண்டு தரம் வாசித்தார். வா எண்டு எங்கை எழுதியிருக்கு, காட்டுங்கோ என்றேன். கண்ணாடியைக் கழற்றித் துடைத்தார், பேனையைத் தா என்று கையை நீட்டினார். ஓரத்தில் கொழும்பிலிருந்து ரயில் வெளிக்கிடுகிற நேரம் எழுதியிருக்கிறதே, அது என் கையெழுத்தில்லை.