சிரிக்காமல் எழுந்த பிணம்

ஹாம்பர்க், செவ்வாய்க்கிழமை

அன்புள்ள ரோஸ்வித்தா,

உன் முழங்கால் வலி குறைந்ததா? நான் நலம்.

நேற்று முப்பத்தெட்டாவது முறையாகச் செத்தேன். துப்பறியும் தொடர், மூன்றாம் நிமிடமே நான் பிணம், வசனம் கிடையாது. என் நடிப்பிலேயே இதுதான் சிறந்தது என்கிறார்கள்.

பிணமாக நடித்தவன் எழுவதற்கு முன் கேமராவைப் பார்த்துச் சிரித்துவிட வேண்டும் என்ற எங்கள் வழக்கம் உனக்குத் தெரியும். செத்தது பொய் என்பதற்கு அதுதான் சாட்சி. நேற்று மணி ஒன்று அடித்ததும் கேமராவை அணைத்துவிட்டு எல்லோரும் சாப்பிடக் கிளம்பினார்கள்.

"லோத்தர் அண்ணே, நீங்க சிரிக்கவே இல்லையே!" என்றாள் ஒப்பனைக்கார வீப்கே.

"முப்பத்தேழு தடவை சிரிச்சாச்சும்மா. வா, உருளைக்கிழங்கு ஆறிடும்."

சாப்பாட்டு மேசையில் எனக்குத் தட்டு வைக்கவில்லை. வண்டி என்னை விட்டுவிட்டுப் போனது. நடந்தே விடுதிக்கு வந்தால், என் அறை காலியாகிவிட்டதாம்.

"யாருங்க காலி பண்ணது?" என்று வரவேற்பு மேசைப் பையனிடம் கேட்டேன்.

"கறுப்பு கோட்டுல ரெண்டு பேர் சார். பெட்டியைத் தூக்கிட்டுப் போனாங்க. ரொம்ப மரியாதையான ஆளுங்க."

நிர்வாகக் குளறுபடிதான், பயப்படாதே. வேறு அறை தந்தார்கள். பதிவேட்டில் மட்டும் என் பெயரை எழுதவில்லை. இன்று படப்பிடிப்புக்குப் போய், இப்போதாவது சிரித்துவிடுகிறேன் என்றேன். "உங்க பாகம் முடிஞ்சு போச்சுங்க" என்றார் இயக்குநர், என் தலைக்கு மேலே பார்த்தபடி.

கம்பளிக் காலுறை இரண்டு ஜோடி அனுப்பு; இங்கே குளிர் அதிகம். நம் கல்யாணப் படத்தையும் அனுப்பு. அதில் நான் சிரிக்கிறேன்.

கடிதம் கிடைத்ததும் விடுதிக்குப் போன் செய்து என் பெயரைச் சொல்லிக் கேள். அப்படி யாரும் இல்லை என்பார்கள். இருக்கிறார் என்று அதட்டு. உன் அதட்டலை இதுவரை யாரும் மீறியதில்லை.

தபால்காரர் வந்துவிட்டார்.

இன்னும் உன்,
லோத்தர்