ஏரி என்ன கலர்?

12 ஜனவரி 2025, ஞாயிறு

நகுல் புனேயிலிருந்து ஃபோன் செய்தான். எங்கள் இருவர் பெயரிலும் டூர் புக் பண்ணிவிட்டானாம். இங்கே மும்பை மாதுங்காவில் பத்ரி என்று ஒருவர் நடத்துவது. மூன்று நாள்: எல்லோரா குகைக் கோயில், பைத்தனில் புடவை நெய்கிறவர்கள், லோனார் ஏரி. கூடவே சமையல்காரரும் வருவார், தயிர்சாதத்துக்கு உத்தரவாதம். "அப்பாவை எப்படியாவது கிளப்பும்மா" என்றான். பிள்ளைகளுக்கு எல்லாமே சுலபம். ஃபோனில் எதையோ அமுக்கினால் அப்பா எழுந்து நடந்துவிடுவார் என்று நினைப்பு.

இவருக்குப் பார்வை போய் ஒரு வருஷம் ஆகிறது. க்ளௌகோமா. வெளிச்சம் இருக்கிறதா இல்லையா என்று மட்டும் தெரியும். அன்றிலிருந்து டாக்டரிடம் போவதைத் தவிர செம்பூரில் இந்த வாசல்படியைத் தாண்டவில்லை. முருகன் கோயிலுக்குக்கூட வரவில்லை. ரயில்வே ஆடிட்டில் முப்பது வருஷம் ஊரார் கணக்கைக் குடைந்த மனுஷர், இப்போது ஜன்னலோரம் உட்கார்ந்து என்னைக் குடைகிறார். "வாசல்ல யாரு? கையில என்ன பை? என்னத்துக்குச் சிரிக்கறா?"

டூர் என்றதும், "குருடனுக்கு என்னத்துக்கு டூர்?" என்றார். சுருக்கென்றது. கறிகாய் நறுக்கப் போய்விட்டேன். கொஞ்ச நேரம் கழித்து அவராகவே ஹாலிலிருந்து, "லோனார் உண்டோ?"

உண்டு என்றேன்.

14 ஜனவரி

பொங்கல். பால் எந்தப் பக்கம் வழிந்தது என்று கேட்டார். குக்கரில் வைத்த பொங்கலுக்குக் கிழக்கு ஏது, மேற்கு ஏது. கிழக்கு என்றேன். திருப்தியாகத் தலையாட்டினார்.

16 ஜனவரி

பீரோக் கதவின் உட்பக்கம் அந்தப் படம் இன்னும் ஒட்டியிருக்கிறது. 2020 லாக்டௌனில், லோனார் ஏரி திடீரென்று ரோஸ் நிறமாக மாறிவிட்டது என்று பேப்பரில் வந்ததே, அந்தப் படம். அப்போது இவருக்குக் கண் நன்றாகத் தெரியும். படத்தை வெட்டி ஒட்டி, "ரயில் விட்டதும் முதல்ல இங்கதான்" என்றார். ரயில் விட்டார்கள். இவர் கண்தான் நின்றுவிட்டது.

இன்று சம்மதம் சொன்னார். ஒரு கண்டிஷன். "நீ பாக்கறதை அப்படியே சொல்லணும். அழகா இருக்குன்னு ஒரு தடவைகூடச் சொல்லப்படாது. அது தகவல் இல்லை."

சரி என்றேன். கல்யாணத்துக்குக்கூட இவர் இத்தனை கறார் பண்ணவில்லை.

24 ஜனவரி, வெள்ளி. எல்லோரா

ராத்திரி ரயில், காலையில் பஸ். எங்களுக்கு முன் சீட்டில் ஹரிதா என்று ஒரு பெண், அம்மாவோடு. கோபர்கைரனேயில் வீடு, ஐ.டி. வேலை. தமிழில் ஆரம்பித்து ஹிந்தியில் முடிக்கிறாள். நல்ல பெண்.

கைலாசநாதர் கோயில் முன்னால் நின்றோம். நான் தலையைத் தூக்கிப் பார்த்துக்கொண்டே இருந்தேன். இவர் என் முழங்கையை இடித்தார்.

"சொல்லு."

"பெரிசா இருக்கு."

"எவ்வளவு பெரிசு?"

"ரொம்ப."

"ரொம்பன்னா? நம்ம பில்டிங் ஒசரமா, கூடவா?"

அப்போதுதான் உறைத்தது, எனக்குப் பார்க்கவே தெரியவில்லை. அறுபத்திரண்டு வயசுவரை கண்ணைத் திறந்து வைத்திருந்தேன், அவ்வளவுதான். திரும்ப முதலிலிருந்து ஆரம்பித்தேன். நம் பில்டிங்கைவிட உயரம். மலைக்குள்ளே ஒரு பெரிய பள்ளம் வெட்டி, அதன் நடுவில் கோயில். சுவர் எல்லாம் கறுப்பு, மழை வழிந்த தடம் வெள்ளையாக. அடியில் வரிசையாக யானைகள், கோயிலையே முதுகில் சுமக்கிற மாதிரி. பாதி யானைகளுக்குத் தும்பிக்கை உடைந்திருக்கிறது. அப்படி உடைந்த ஒரு தும்பிக்கையில் யாரோ டிஃபன் பையை மாட்டியிருக்கிறார்கள். பச்சைக் கட்டம் போட்ட துணிப்பை.

பையைச் சொன்னதும் இவருக்கு உற்சாகம் வந்துவிட்டது. "அப்படிச் சொல்லு!"

உள்ளூர் கைடு காலித், ஹிந்தியில் விளக்கினார். இந்தக் கோயிலை மேலிருந்து கீழாக வெட்டிக்கொண்டு வந்தார்களாம். முதலில் சிகரம், கடைசியில் தரை. இவர் உடனே, "நடுவில ஒருத்தன் தப்பா வெட்டிட்டா என்ன பண்ணுவான்?" என்று கேட்கச் சொன்னார். காலித் சிரித்துவிட்டு, வெட்டியதைத் திரும்ப ஒட்ட முடியாது, தப்பையும் சேர்த்துத்தான் கோயில் கட்ட வேண்டும் என்றார். இவருக்குப் பதில் ரொம்பப் பிடித்தது. காலித்தின் நம்பரைக் கேட்டு என்னை எழுதிக்கொள்ளச் சொன்னார். எதற்கோ.

சொல்லிச் சொல்லி என் குரல் கம்மிவிட்டது. ஆனால் எனக்கும் எதையோ தின்ற மாதிரி நிறைவாக இருக்கிறது.

25 ஜனவரி. பைத்தன்

ஒரு வீட்டின் முன்னறையில் தறி. சின்னப் பெண் ஒருத்தி நெய்துகொண்டிருந்தாள். மற்றவர்கள் எல்லாம் விலையைக் கேட்டுக்கொண்டு பின்னறைக்குப் போய்விட்டார்கள், நாங்கள் தறியண்டையே நின்றோம். மயிலின் கழுத்துக்கு ஒரு நூல், வாலுக்கு ஒரு நூல், எல்லாவற்றையும் விரலாலேயே கோத்து வாங்குகிறாள். கட்டை விரலில் கார்ட்டூன் போட்ட ப்ளாஸ்திரி. ஃபோனில் பாட்டு ஓடுகிறது, அடி மாறும்போது இவள் கையும் மாறுகிறது. எல்லாவற்றையும் சொல்லிக்கொண்டே வந்தேன். பாட்டைச் சொன்னதும் இவர், "அது எனக்கே கேக்கறது" என்றார்.

அந்தப் பெண் முடித்து வைத்திருந்த புடவையின் முந்தானையை இவர் கையில் கொடுத்தாள். ரெண்டு பக்கமும் மாற்றி மாற்றித் தடவினார். நல்ல பக்கம் எது என்று கேட்டார். ரெண்டும் நல்ல பக்கம்தான், பின்னால் முடிச்சே இருக்காது என்றாள்.

"முன்னும் பின்னும் ஒண்ணு! முப்பது வருஷ ஆடிட்ல இப்படி ஒண்ணு என் கையில சிக்கலை" என்றார் பஸ்ஸில். அப்புறம், "உன் பேச்சும் இந்த ரெண்டு நாளா அப்படித்தான் இருக்கு, சாரு."

வெட்கமாகப் போய்விட்டது எனக்கு. இந்த வயசில்.

26 ஜனவரி, ஞாயிறு. லோனார்

பஸ் நின்றதும் எனக்கு முன்னால் இவர் எழுந்துவிட்டார்.

விண்கல் விழுந்து உண்டான பள்ளம், அடியில் ஏரி. ஹரிதாவும் இன்னும் சிலரும் பத்ரியோடு கரைக்கு இறங்கினார்கள். பாதை செங்குத்து, அதனால் நாங்கள் மேலே கம்பி போட்ட இடத்தில் நின்றோம். எட்டிப் பார்த்தேன்.

பச்சை.

"கலர்?" என்றார். கம்பியைப் பிடித்துக்கொண்டு முன்னால் சாய்ந்தார். முகத்தைப் பார்த்தேன். பார்க்காமல் இருந்திருக்கலாம்.

"ரோஸ்" என்றேன்.

"எந்த ரோஸ்?"

"பீட்ரூட் பச்சடி. தயிர் ஜாஸ்தி விட்டது."

சிரித்தார். வாய்விட்டு. ஒரு வருஷமாகக் கேட்காத சிரிப்பு. "ஓரத்துல?" ஓரத்தில் வெளிறியிருக்கு என்றேன். "நடுவுல?" நடுவில் நல்ல ரோஸ். ஒரு பொய் சொன்னால் அதற்கு ஓரம், நடு எல்லாம் போட வேண்டியிருக்கிறது.

சாப்பாட்டுக்கு உட்கார்ந்தபோது ஹரிதா மூச்சிரைக்க ஏறி வந்தாள். இவரே ஆரம்பித்தார். "பக்கத்துல போய்ப் பாத்தியாம்மா? ரோஸ் எப்படி?"

"ரோஸா? நஹீ அங்கிள், ஏக்தம் பச்சை. என் ஷூவைப் பாருங்கோ, அதே கலர்ல..." சொன்னவள் என் முகத்தைப் பார்த்துவிட்டு நிறுத்தினாள்.

"அப்படியா" என்றார். சாதத்தை முடித்தார். மோர் கேட்டு வாங்கிக் குடித்தார்.

ரயிலில்

கல்யாண் ஸ்டேஷன் வர இன்னும் நேரம் இருக்கிறது. எழுத வரவில்லை, ஆனாலும் எழுதுகிறேன்.

ஏறி உட்கார்ந்ததும் கேட்டார். "யானைக்குத் தும்பிக்கை உடைஞ்சிருந்ததா?"

"உடைஞ்சிருந்தது."

"அதுல பை தொங்கித்தா?"

"சத்தியமாத் தொங்கித்து."

"அந்தப் பொண்ணு விரல்ல ப்ளாஸ்திரி?"

"இருந்தது."

"பொங்கல் கிழக்க வழிஞ்சதா?"

"குக்கர்" என்றேன்.

"ஒரு வவுச்சர் பொய்யின்னா நாங்க என்ன பண்ணுவோம் தெரியுமோ? மொத்தக் கட்டையும் திரும்பப் பிரிப்போம்." கத்தவில்லை. கத்தியிருக்கலாம். "இந்த மூணு நாள்ல எனக்கு இப்ப எதுவும் பாத்த மாதிரி இல்லை, சாரு."

28 ஜனவரி

நான் என்ன பெரிய குத்தம் பண்ணிட்டேன்? சந்தோஷமா இருக்கட்டும்னுதானே சொன்னேன்? அந்த மூஞ்சியைப் பாத்துட்டு யாருக்குத்தான் பச்சைன்னு சொல்ல வரும்? ஏரி பச்சையானது என் தப்பா? அவருக்கென்ன, கேள்வி கேட்டுண்டு நிப்பார். பாத்துப் பாத்துச் சொல்றது நான்னா —

சரி. நிஜமாகவே அவருக்காகவா சொன்னேன்? அவர் முகம் வாடினால் அதைப் பார்க்கப்போவது யார்? நான்தானே. அவருக்குத் தன் முகம்கூடத் தெரியாது. எனக்கு அதைப் பார்க்கத் தைரியம் இல்லை, அவ்வளவுதான்.

30 ஜனவரி

பழையபடி ஜன்னலோரம். ஆனால் ஒன்றும் கேட்பதில்லை. காபி சூடா என்றுகூட. டம்ளரைத் தானே தொட்டுப் பார்த்துக்கொள்கிறார்.

2 பிப்ரவரி

"பத்ரிக்கு ஃபோன் போட்டுக் குடு. குடுத்துட்டு நீ உள்ள போ."

போனேன். போய் மிக்ஸியை அணைத்துவிட்டு, சமையலறைக் கதவோரம் நின்றேன். எனக்கு வெட்கமில்லை.

ஆடிட் ஆரம்பித்துவிட்டது! எல்லோராவில் யானை எப்படி இருந்தது, பை தொங்கியதா, நெசவுக்காரப் பெண்ணின் விரலில் என்ன. பத்ரிக்கு ஒன்றும் தெரியவில்லை. டூர் போனால் ஆள் தொலையாமல் பார்த்துக்கொள்வதுதான் அவர் வேலையாம். ஏரி? "க்ரே மாதிரி இருந்தது அங்கிள்." ஸ்பீக்கரில் எனக்கே கேட்டது.

3 பிப்ரவரி

இன்று ஹரிதா. தும்பிக்கை உடைந்திருந்தது, ஃபோட்டோவில் இருக்கிறது. பை? பார்க்கவில்லை. ப்ளாஸ்திரி? பார்க்கவில்லை. அவள் அம்மா ஃபோனை வாங்கி, ஏரி நீலமாக இருந்தது என்றாளாம். பைத்தனில் அவள் பார்த்தது விலைச்சீட்டை மட்டும்.

ஃபோனை வைத்தார். "அவன் க்ரேங்கறான், பொண்ணு பச்சைங்கறா, அம்மா நீலங்கறா" என்று தனக்குத்தானே சொல்லிக்கொண்டார். மற்றதையெல்லாம் அவர்கள் பார்க்கவே இல்லை.

6 பிப்ரவரி

ராத்திரி சாப்பாட்டில், தட்டின் மேல் குனிந்தபடியே: "நீ என்ன பாத்தே? லோனார்ல."

இந்தத் தடவை அவர் முகத்தைப் பார்க்காமல் சொன்னேன்.

"பச்சை. குளத்துப் பாசி. ஓரமா வெள்ளையா உப்பு. ஒரு மேகத்தோட நிழல் மட்டும் தண்ணி மேல மெதுவா போயிண்டிருந்தது. நீங்க சிரிச்சு முடிக்கறதுக்குள்ள அது அக்கரைக்குப் போயிடுத்து."

"நிழல் போனதைக்கூடவா பாத்தே?"

"பாத்தேன்."

"அதை அங்கயே சொல்லியிருக்கலாமே, சாரு." தட்டை நகர்த்தி வைத்துவிட்டு, "ரோஸைவிட நன்னா இருக்கே" என்றார்.

எனக்கு அழுகை வந்துவிட்டது. அழுகிறேன் என்றும் சொன்னேன். இனிமேல் மறைப்பதாக இல்லை.

10 பிப்ரவரி

காலித்துக்கு ஃபோன். அன்று நம்பர் வாங்கியது நல்லதாகப் போயிற்று. தும்பிக்கையில் தொங்கிய பையைக் கேட்டதும் அந்தப் பக்கம் ஒரே சிரிப்பு. "அரே ஸாப், வோ மேரீ தீ!" அவருடைய டிஃபன் பைதானாம். பச்சைக் கட்டம் சரிதான். அதற்குள் வெந்தயக்கீரை இருந்தது என்பதையும் சேர்த்துக்கொள்ளச் சொன்னார்.

இவர் ஃபோனை மடியில் வைத்துக்கொண்டு, "அத்தனை பேர் போனா. நீ ஒருத்திதான் பாத்திருக்கே" என்றார். என்னிடமா, ஜன்னலிடமா தெரியவில்லை. அப்புறம் காபி சூடா என்று கேட்டார்.

சூடு ஆறிவிட்டது, ஆனாலும் குடிக்கலாம் என்றேன்.

2 மார்ச்

முருகன் கோயில். படியில் உட்கார்ந்து கொண்டோம். அர்ச்சகர் இளைத்துவிட்டார் என்றேன். எவ்வளவு என்றார்.

9 மார்ச், ஞாயிறு

ஹரிதாவின் அம்மா சாப்பிடக் கூப்பிட்டிருந்தாள். "போகலாமே" என்று நான் கேட்பதற்கு முன்னாலேயே சொல்லிவிட்டார். செம்பூரில் ரயில் ஏறினோம், வாஷியில் மாற வேண்டும். ஞாயிற்றுக்கிழமை, உட்கார இடம் கிடைத்தது. இவருக்கு அந்தப் பக்கம் ஒருவர் ஃபோனில் கிரிக்கெட் பார்த்துக்கொண்டு வந்தார்.

மான்குர்த் தாண்டி, கடல் உள்ளே புகுந்திருக்கிற இடத்தில் ரயில் சத்தம் மாறியது.

"பாலமா?"

"ஆமாம்."

"சொல்லு."

"தண்ணி இறங்கியிருக்கு. ரெண்டு பக்கமும் சேறு. சேத்துல..."

நிறுத்தினேன். சேறு தெரியாத அளவுக்குப் பறவைக் கூட்டம். நீளக் கால். ரோஸ்.

ரோஸ் என்று எந்த வாயால் சொல்வது? இந்த வாயாலா? வெள்ளை என்று சொல்லிவிட்டால் வம்பில்லை. கொக்கு என்று நினைத்துக்கொள்வார், நம்பிவிடுவார்.

"சேத்துல என்ன?"

"பறவை. ஃப்ளமிங்கோ" என்றேன். "ரோஸ் கலர்."

பக்கத்தில் இருந்தவரிடம் ஒரு வார்த்தை கேட்டால் போதும். இவருக்கு அந்தக் கூச்சமெல்லாம் கிடையாது. கேட்கட்டும் என்று கைப்பையைப் பிடித்துக்கொண்டு காத்திருந்தேன். அந்த மனுஷர் யாரோ அவுட்டானதற்கு 'ச்' கொட்டினார். இவர் அந்தப் பக்கம் திரும்பவே இல்லை.

"எந்த ரோஸ்?" என்று என்னைத்தான் கேட்டார்.

"பச்சடி இல்லை. அதைவிட வெளிறினது. இறக்கையைத் தூக்கினா உள்ள மட்டும் நல்ல சிவப்பு. எல்லாம் தலையைச் சேத்துக்குள்ள விட்டுண்டிருக்கு. ஒண்ணு மட்டும் ஒத்தைக் கால்ல நின்னுண்டு ரயிலைப் பாக்கறது."

அந்த ஒன்றுக்காக லேசாகச் சிரித்தார். பாலம் முடியப்போகிற நேரத்தில், மெதுவாக, "அழகா இருக்கா?" என்றார்.

இருக்கு என்றேன்.