நெல்லுக் கிடாரத்தில் இரண்டு முட்டை

கண்டி
12.7.1936

அன்புள்ள அக்காவுக்கு,

தம்பி கும்பிட்டு எழுதுவது. இங்கே எல்லாரும் சுகம். என் வயிறு மட்டும் எனக்கு இரண்டடி முன்னே நடக்கிறது.

ஆவணிப் பள்ளிக்கூட விடுதலைக்குப் பிள்ளைகளை இணுவிலுக்குக் கூட்டிவர ஆசை. நாங்கள் இருவரும் பட்டணத்திலிருந்து மாட்டுவண்டியில் மாமா வீட்டுக்குப் போன வயது அவர்களுக்கு. நீங்கள் மாமாவின் மகன் அத்தானைக் கட்டி அந்த வீட்டுக்கே எசமாட்டியாகிவிட்டீர்கள். நான் சேர்ச்சுக்குப் போகிற வேதக்காரப் பெண்ணைக் கட்டியதோடு படலைக்கு வெளியே. "மச்சம் மாமிசம் காய்ச்சிற கை என்ரை அடுப்படியிலை படக்கூடாது" என்று நீங்கள் சொல்லிப் பதினொரு வருடம்.

நிற்க. பழைய விடுதலையொன்று ஞாபகம் வருகிறது. நல்லூர்க் கோயிலில் கொடியேறி, மாமா வீட்டில் மீன், முட்டை எல்லாம் விலக்கின நாள். முற்றத்தில் பெரிய செப்புக் கிடாரத்தில் நெல் அவிந்துகொண்டிருந்தது. அந்தக் கிடாரத்துக்குள் இரண்டு முட்டையைப் புதைத்தது யார், அக்கா? ஒன்று உடைந்து நெல்லோடு கலந்தது. விரதக்கார மாமா அந்த அரிசிச் சோற்றை மூன்று தரம் வாங்கிச் சாப்பிட்டு, "இந்தமுறை நெல் வலு திறம்!" என்றார். மற்ற முட்டையைக் காணவேயில்லை.

நான் ஒருவருக்கும் சொல்லவில்லை. அத்தானுக்குச் சொல்லும் நிலைமை வராது என்று நம்புகிறேன்.

தங்கள் தம்பி
செல்வரட்ணம்

இணுவில்
20.7.1936

தம்பிக்கு,

என்னை வெருட்டவோ எழுதினாய்? என் மூக்குக்கண்ணாடி உடைந்து இரண்டு கிழமை, நேற்றுத்தான் திருத்தி வந்தது. உன் கடிதத்தை உரத்து வாசித்தது அத்தான்!

முட்டை வந்த இடத்தில் நிறுத்தினார். நான் மெல்ல அடுப்படிப் பக்கம் நழுவினேன். "மற்றதை நான்தான் எடுத்துத் தின்னனான். என்ரை அப்புவுக்குப் பயத்திலை மூச்சும் விடேல்லை" என்று சொல்லிவிட்டு அவர் சிரித்த சிரிப்புக்குப் பக்கத்து வளவுச் சின்னாச்சி வேலியால் எட்டிப் பார்த்தாள். நானோ அந்தப் பாவத்துக்கு இன்றுவரை வெள்ளிக்கிழமை தோறும் பட்டினி.

எனக்குச் சிரிப்பு வரவில்லை, தம்பி. வெட்கம்தான் வந்தது. முட்டை அவித்த கையை வைத்துக்கொண்டு உன்னைக் கட்டின அந்தப் பிள்ளையின் கையைத் தடுத்தேனே.

ஸ்ரெல்லாவையும் கூட்டிக்கொண்டு வா. எனக்கு இடுப்பு நோ. என் அடுப்படியில் அவள் தோசை சுடட்டும், நான் இருந்து தின்னுகிறேன். உனக்கு மூன்றுக்கு மேல் இல்லை.

அக்கா
அருமைநாயகி

கண்டி
26.7.1936

அன்புள்ள அக்காவுக்கு,

கடிதத்தை ஸ்ரெல்லாவிடம் நீட்டினேன். வாசித்தாள், மடித்தாள், திரும்பவும் விரித்து வாசித்தாள்.

இவ்வளவு காலமும் நீங்கள் அவளுக்கு "உங்கடை அக்கா". நேற்றுச் சேலைக்கடையில் நின்று, "மச்சாளுக்கு என்ன நிறம் பிடிக்கும்?" என்றாள். தெரியாது என்றேன். "நல்ல தம்பி!" என்று கடைக்காரனுக்கும் கேட்க உரத்துச் சொன்னாள்.

என் மானத்தைக் காப்பாற்ற, நிறத்தை உடனே எழுதுங்கள்.

செல்வரட்ணம்