மீசை போன சேதி

அன்பு மகளே,

உன் சித்தப்பா எழுதுகிறேன். இங்கே எல்லாரும் சௌக்கியம், என் மீசை ஒன்றைத் தவிர. நீயும் அத்தனை தூரத்தில் நேரத்துக்குச் சாப்பிட்டுத் தூங்கி நன்றாக இருப்பாய் என்று நம்புகிறேன்.

பதறாதே, உட்கார்ந்து படி. நீயே எழுதி நீயே இயக்கும் படத்துக்கு, உலகில் வேறு ஆம்பிளையே கிடைக்காததுபோல் என்னை அப்பா வேஷத்தில் கதாநாயகனாகப் போட்டு, கடைசிக் காட்சியை மட்டும் மிச்சம் வைத்துவிட்டு, நான் திரும்பி வரும்வரை வீட்டில் ஒரு துரும்பு மாறக்கூடாது, உங்கள் மீசை உட்பட என்று கட்டளை போட்டுப் போனாயே, அதை உயிரைக் கொடுத்துக் காத்தேன். கிழிந்த திரைச்சீலையைச் சித்தி தைக்க வந்தபோது குறுக்கே விழுந்து தடுத்தேன், வாசல் கதவுக்குப் பெயிண்ட் அடிக்க வந்த ஆளைத் தெருமுனை வரை துரத்தினேன். இப்படி ஒரு சாம்ராஜ்யத்தையே கட்டிக்காத்தவன் போன மாதம் முடிவெட்டும் கடை நாற்காலியில் கண்ணசந்துவிட்டேன். விழித்துப் பார்த்தால் கண்ணாடியில் யாரோ ஒரு வழுக்கை உதட்டுக்காரன்! நான் போட்ட கூச்சலில் பக்கத்து நாட்டு ராணுவமே உஷாராகியிருக்கும். கடைக்காரரோ, எடுத்துடட்டுமான்னு கேட்டேன், நீங்கதானே அண்ணே தலையாட்டினீங்க என்கிறார். தூங்கி விழுந்த தலைக்கு இவ்வளவு அதிகாரமா? சித்திக்கு ஒரே கொண்டாட்டம், கல்யாணமான நாளா எடுக்கச் சொல்றேன், இப்பத்தான் மனுஷ மூஞ்சி தெரியுது என்கிறாள். என் மீசை முளைக்கும் வேகத்துக்கு உன் பேரப்பிள்ளைகள்தான் அந்தக் காட்சியை எடுக்க வேண்டும். நீயோ அடுத்த மாதம் வந்து நிற்பாய், என்னால் உன் படம் அந்தரத்தில் தொங்குமே என்று தூக்கம் போச்சு.

இனிமேல்தான் கூத்து. நீ வேலையை விட்டபோது சினிமாவாம் சினிமா என்று அறைக்குள் போனவர், படப்பிடிப்பு நடந்த நாளெல்லாம் எட்டிக்கூடப் பார்க்காதவர், உன் அப்பா, என் மீசை போனதிலிருந்து கன்னத்தை மட்டும் மழிக்கிறார், மேலுதட்டைத் தொடுவதில்லை. என்ன அண்ணா என்றால் பிளேடு மொக்கைடா, போய் உன் வேலையைப் பாரு என்று எரிந்து விழுகிறார். கன்னத்துக்குக் கூராக இருக்கும் பிளேடு உதட்டுக்கு மட்டும் மொக்கையாம்! எங்கள் இருவரையும் ஒரே அச்சில் வார்த்திருக்கிறது என்று நீதானே சொல்வாய், இப்போது அவருக்கு என் பழைய மீசையும் சேர்ந்துவிட்டது, கேமராவுக்கு வித்தியாசமே தெரியாது. நேற்று அவர் வாசல் கதவுக்குப் பின்னால் தனியாக நின்று, கடைசிக் காட்சியில் வீடு திரும்பும் மகளிடம் அப்பா சொல்ல நீ எழுதிய ஒரே வசனத்தை, வந்துட்டியாம்மா, உள்ள வா என்று, சொல்லிச் சொல்லிப் பார்த்துக்கொண்டிருந்தார். நான் ஆயிரம் முறை ஒத்திகை பார்த்தும் வராதது அவருக்கு முணுமுணுப்பிலேயே வந்துவிட்டது, பாவி மனுஷன். எனக்கு வயிறு எரிந்தது, கண்ணும் ஏனோ கலங்கியது.

நீ தொட்டதெல்லாம் துலங்கட்டும், உன் படம் ஓடும் கொட்டகையில் நிற்கக்கூட இடம் இல்லாமல் போகட்டும். ஒன்றை மட்டும் மறக்காதே, வரும்போது கேமராவை ஓடவிட்டுக்கொண்டே கதவைத் தட்டு. அவர் இரண்டாவது டேக் தரமாட்டார்.

இப்படிக்கு,
உன் படத்தின் முன்னாள் கதாநாயகன்,
சித்தப்பா